நிறைந்தது என்று எழுதிய இரண்டு டப்பாக்கள்

வாய்க்காலுக்குள் ஒரு செவலை நாய் படுத்திருந்தது. பல மாதங்களாகத் தண்ணீர் காணாத சிமெண்டுத் தரை. கரையோர வேப்பமரத்தின் நிழல் அதன்மேல் ஒரு பாய் அளவுக்கு விழுந்திருந்தது. நாய்க்கு அது போதுமானதாக இருந்தது.

நாய்க்குப் பத்தடி தள்ளி மாராத்தாள் நின்றிருந்தார். செருப்பில்லை. சேலையைக் கணுக்காலுக்கு மேலே தூக்கிச் செருகியிருந்தார். சரிவுக் கரையில் இரண்டு மணல் மூட்டைகளின்மேல் தாழ்வாகக் கேமரா. அதன் பின்னால் வயிறு தரையில் பட நான்.

உடுமலைப்பேட்டைக்குத் தெற்கே, தென்னந்தோப்புகளெல்லாம் முடிந்து சோளக்காடு தொடங்கும் இடம். அன்று அந்தக் கிளை வாய்க்காலில் தண்ணீர் விடுகிறார்கள். காய்ந்த தரையில் தண்ணீரின் முதல் நுனி வந்து ஒரு பெண்ணின் பாதத்தைத் தொட வேண்டும். என் முதல் படத்தின் கடைசிக் காட்சி அதுதான். வருடத்துக்கு ஒருமுறைதான் அந்த நுனி வரும். 'இன்னொரு டேக்' என்று தண்ணீரிடம் கேட்க முடியாது.

மதியம் இரண்டு மணிக்கு வரும் என்று சொல்லியிருந்தார் சுப்பண்ணன். வாய்க்காலில் ஷட்டர் ஏற்றி இறக்கும் லஸ்கர் அவர். பதினோரு மணிக்கே சைக்கிளில் மூச்சிரைக்க வந்தார்.

"ஏனுங் அம்மணி, ரெண்டு மணியின்னு சொன்னனல்லங்க? மேல மதகெல்லாம் அடைச்சுப்போட்டாங்க. தண்ணி முட்டிக்கிட்டு வருதுங்க. இருவது நிமிசம், மிஞ்சிப்போனா இருவத்தஞ்சு."

கேமராவில் அப்போது ஃபிலிம் இல்லை. இருந்ததை வெடிப்புகளையும் நாயையும் எடுத்தே தீர்த்திருந்தேன். மூன்று மணி நேரம் கைவசம் இருப்பதாக நினைத்துக்கொண்டிருந்தவள் நான்.

வேனிலிருந்து ஃபிலிம் பெட்டியை எடுத்து வரச் சொன்னேன். செல்வராஜ் அண்ணன் திறந்தார். கேமராவை வாடகைக்கு விட்ட சென்னைக் கம்பெனி, அதற்குக் காவலாக அனுப்பிய ஆள் அவர்.

"எந்த டப்பா மேடம்?"

நிறைந்தது என்று எழுதியிருப்பதைக் கொடுங்கள் என்றேன்.

அவர் பெட்டிக்குள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "ரெண்டுலயும் அப்படித்தான் மேடம் எழுதியிருக்கு."

ஏழு பேர், ஒரு வேன்

இந்தத் தொடரைப் படிக்கும் வாசகி ஒருவர் போன வாரம் கேட்டிருந்தார்: 'பொள்ளாச்சிப் பக்கம்தான் எல்லாரும் படம் எடுக்கிறார்களே, பச்சைப் பசேல் என்று. நீங்கள் ஏன் வறண்ட வாய்க்காலைத் தேடிப் போனீர்கள்?' நியாயமான கேள்விதான். அங்கே வருகிறவர்கள் நூறு பேரோடும் நான்கு லாரி விளக்குகளோடும் வருவார்கள். நாங்கள் ஏழு பேர். விளக்கே கிடையாது. எங்களிடம் வெயில் மட்டும்தான் தாராளமாக இருந்தது. வெயிலை எடுக்க வேண்டுமானால் நிழல் குறைந்த ஊர்தான் சரி.

வெயிலைப் பார்க்கக் கற்றது பெரியநாயக்கன்பாளையத்தில், என் அப்பாவின் பட்டறையில். மோட்டார் பம்பு பழுது பார்ப்பார். வெல்டிங் வைக்கும்போது முகத்துக்கு முன் பிடிக்கும் கறுப்புக் கண்ணாடி ஒன்று உடைந்துபோய், ஒரு துண்டு எனக்குக் கிடைத்தது. அதன் வழியாகப் பார்த்தால் மேகத்தின் ஓரம் தனியாகத் தெரியும். பின்னாளில் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு வகுப்பில் ஆசிரியர் விலை உயர்ந்த கண்ணாடி ஒன்றைக் கொடுத்து வானத்தைப் பார்க்கச் சொன்னபோது, இதைத்தான் பத்து வயதிலிருந்து பார்க்கிறேன் என்று சொல்ல நினைத்துச் சொல்லவில்லை. வகுப்பில் நான் ஒருத்திதான் பெண். சொல்லாமல் விட்டவை நிறைய.

பட்டறைச் சுவரில் அப்பா சுண்ணாம்புக் கட்டியால் அன்றைய வேலைகளை எழுதுவார். முடிந்ததும் குறுக்கே ஒரு கோடு. எனக்கும் அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டது. அந்தப் படத்துக்காக நான் வைத்திருந்த நோட்டில் ஃபிலிமுக்கென்றே ஒரு பக்கம் இருந்தது:

1. புது ஃபிலிம்: வெள்ளை டேப். 'நிறைந்தது', 'பாதி', 'துண்டு' – அளவை எழுத வேண்டும்.
2. எடுத்து முடித்த ஃபிலிம்: சிவப்பு டேப். 'முடிந்தது' என்று எழுத வேண்டும்.
3. மூடியில் மையால் எண்.
4. வெயிலில் வைக்கக் கூடாது. ஈரச் சாக்கு சுற்ற வேண்டும்.

முதல் வரியை விளக்கிவிடுகிறேன். பெட்டி உடைக்காத புது ஃபிலிம் வாங்க எங்களுக்கு வசதியில்லை. சென்னையில் விளம்பரப் படம் எடுப்பவர்கள் பயன்படுத்தாமல் மிச்சம் விட்டதை வாங்கினோம். சில டப்பாக்களில் பாதி இருக்கும், சிலவற்றில் கைக்குட்டை நீளம்தான். அதனால்தான் அளவு எழுதுவது. கம்பெனி முத்திரை எதிலும் இருக்காது.

நான்கு விதிகளும் நல்ல விதிகள் என்றுதான் இன்றும் நினைக்கிறேன். மூன்றாவதை நான்காவது அழித்துவிடும் என்பதை மட்டும் நான் யோசித்திருக்கவில்லை. ஈரச் சாக்குக்குள் குலுங்கிக் குலுங்கி, மூடியில் மையால் எழுதிய எண்கள் நீலக் கறையாகிவிட்டிருந்தன. டேப்பின்மேல் பென்சிலால் எழுதியது மட்டும் அழியவில்லை.

இரண்டு வெள்ளை டேப்புகள். இரண்டிலும் கஸ்தூரி அக்காவின் அழகான கையெழுத்து. 'நிறைந்தது.'

கோன் சுற்றிய கை

கஸ்தூரி அக்கா எங்கள் தெருதான். மில்லில் நூலைக் கோனாகச் சுற்றும் பிரிவில் பதினோரு வருடம் வேலை பார்த்தவர். அறுந்த நூலின் முனையைப் பார்க்காமலே பிடித்து முடிச்சுப் போடுவார். ஃபிலிமை இருட்டில்தான் கேமராவுக்குள் ஏற்ற வேண்டும். எனக்கு அதற்கு ஒரு ஆள் வேண்டும். மில்லில் அப்போது வேலை நிறுத்தி வைத்திருந்தார்கள். பழைய ஃபிலிம் ஒன்றைக் கொடுத்துக் கண்ணை மூடிக்கொண்டு செய்யச் சொன்னேன். மூன்றாம் நாள் என்னைவிட வேகமாகச் செய்தார்.

செல்வராஜ் அண்ணனுக்கு அது பிடிக்கவில்லை. மில்லில் நூல் சுற்றுவதும் இதுவும் ஒன்றா என்று முதல் நாளே கேட்டார்.

"நூலு அறுந்தா நான் முடிச்சுப் போட்டுருவனுங்க," என்றார் கஸ்தூரி அக்கா. "உங்க ஃபிலிம் அறுந்தா நீங்க என்னங்கண்ணா பண்ணுவீங்க?"

அதற்குப் பிறகு அவர் அக்காவிடம் நேராகப் பேசுவதைக் குறைத்துக்கொண்டார்.

ஒருக்காச் சொன்னது

பெட்டியில் இருந்த இரண்டில் ஒன்று புது ஃபிலிம். எங்களிடம் மிஞ்சியிருந்த கடைசி முழு டப்பா. இன்னொன்றில் முந்தின நாள் மாராத்தாள் பேசியது இருந்தது.

மாராத்தாள் நடிகை இல்லை. அந்தப் பக்கத்துக் காடுகளில் களை எடுப்பவர். படத்தில் அவர் செய்தது தன் வேலையைத்தான். முந்தின நாள் சாயங்காலம், கேமரா ஓடும்போது, நான் கேட்காத ஒன்றைச் சொல்ல ஆரம்பித்தார். தண்ணீர் முறை தவறி மடையைத் திறந்தார் என்று அவர் கணவரை நாலு பேர் பார்க்க அடித்திருக்கிறார்கள். அடித்த மறுநாள் அவர் மேல்துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வாய்க்கால் கரையோடு மேற்கே நடந்து போனவர்தான். எத்தனை வருடம் என்று மாராத்தாள் சொல்லவில்லை. தாலியைச் சேலைக்குள் தள்ளிக்கொண்டே பேசினார். ஃபிலிம் தீரும்வரை பேசினார். கேமரா நின்ற சத்தம் கேட்டதும் அவரும் நிறுத்திவிட்டார்.

வெளிச்சம் கொஞ்சம் குறைவு, நாளை இதையே இன்னொரு முறை எடுக்கலாமா என்று நான் கேட்டேன். இப்போதும் அந்தக் கேள்வியை நினைத்தால் கூசுகிறது.

"ஒருக்காச் சொல்லிப்போட்டேன் கண்ணு," என்றார். "இனி கேக்காத."

ஆக, இரண்டு டப்பா. ஒன்றில் திரும்பச் சொல்லப்படாத ஒன்று. மற்றதில் ஒன்றுமே இல்லை. தவறானதைக் கேமராவில் ஏற்றினால் மாராத்தாளின் முகத்தின்மேலேயே தண்ணீரும் பதிவாகும். முகமும் போகும், தண்ணீரும் போகும்.

அக்கா வீட்டுச் சொல்

கஸ்தூரி அக்காவைக் கூப்பிட்டேன். டப்பாக்களைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது.

சிவப்பு டேப் என்ன ஆயிற்று என்று கேட்டேன். நேற்றே சொன்னேனே என்றார். சொல்லியிருந்தார். "செவப்பு டேப்பு நெறஞ்சிருச்சுங்க" என்று. நிறைய இருக்கிறது என்று நான் எடுத்துக்கொண்டேன்.

அவர் வீட்டில் அரிசிப் பானை காலியானால் 'இல்லை' என்றோ 'தீர்ந்துவிட்டது' என்றோ சொல்ல மாட்டார்கள். நிறைந்துவிட்டது என்பார்கள். மஞ்சள், குங்குமம், எண்ணெய் எல்லாவற்றுக்கும் அதே சொல்தான். கோயம்புத்தூர்ப் பக்கம் பல வீடுகளில் அப்படித்தான். எங்கள் வீடு ஜெபம் செய்து சாப்பிடும் வீடு. அரிசி இல்லையென்றால் அம்மா 'அரிசி இல்லை' என்றே சொல்லி ஆளை அனுப்புவார். ஒரே தெரு, என் காதில் அந்த வழக்கம் விழுந்திருக்கும். ஆனால் டேப்புக்கும் அது பொருந்தும் என்று எனக்குத் தோன்றவில்லை.

டேப் சரி, எடுத்து முடித்த ஃபிலிமில் 'முடிந்தது' என்றுதானே எழுத வேண்டும் என்றேன். குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று அக்கா பிறகு சொன்னார்.

"மத்ததுலயெல்லாம் அப்படித்தானுங்க எழுதினேன்," என்றார். "இதுல எழுத மனசு வரலீங்க. அந்தம்மா இன்னும் தாலியோட அவுரு வருவாருன்னு உக்காந்துட்டு இருக்குது. அதும் பேச்சு இருக்கற டப்பா மேல முடிஞ்சதுன்னு எப்படீங்க எழுதறது? அதான் ஊட்டுல சொல்றாப்புல எழுதிப்போட்டேன்."

 செல்வராஜ் அண்ணன் குறுக்கிட்டார்.

"மேடம், நான் சொல்றதைக் கேளுங்க. ரெண்டையும் தொடாதீங்க. இதை அப்படியே லேபுக்குக் கொண்டுபோயிடலாம், அவங்க கண்டுபிடிச்சுச் சொல்லுவாங்க. தண்ணி அடுத்த வருஷமும் வரும்."

அவர் சொன்னது சரியான யோசனைதான். ஆனால் அடுத்த வருடம் தண்ணீர் வரும், கேமரா வராது. நானும் இங்கே இருப்பேனா, மாராத்தாள் இதே இடத்தில் வந்து நிற்பாரா, தெரியாது. கடைசிக் காட்சி இல்லாத படம் ஒன்றுக்குப் பெயரே கிடையாது.

கைக்கடிகாரத்தைப் பார்த்தேன். சுப்பண்ணன் வந்து எட்டு நிமிடம் ஆகியிருந்தது. ஃபிலிம் ஏற்ற நான்கு நிமிடம் வேண்டும்.

கறுப்புப் பைக்குள்

வெளிச்சம் புகாத கறுப்புத் துணிப் பை ஒன்று உண்டு. அதற்குள் டப்பாவை வைத்து மூடி, இரண்டு பக்கக் கைத் துளைகள் வழியாகக் கையை விட்டு, உள்ளே இருட்டில் வேலை செய்ய வேண்டும். இரண்டு டப்பாக்களையும் கேமராவிலிருந்து கழற்றிய ஃபிலிம் கூட்டையும் அதற்குள் வைத்துத் திறந்தேன்.

எனக்குக் கல்லூரியில் சொல்லிக்கொடுத்த ஒரு வழி இருந்தது. கேமராவுக்குள் ஓடி முடிந்த ஃபிலிமின் வெளிமுனையில் ஒரு மடிப்பு இருக்கும். முன்பு அது உள்ளே உருளையில் செருகப்பட்டிருந்த முனை. புது ஃபிலிமில் அந்த மடிப்பு இருக்காது. விரலால் தடவினால் தெரிந்துவிடும்.

முதல் சுருளின் முனையைத் தேடிப் பிடித்தேன். நேராக வெட்டியிருந்தது. மடிப்பு இல்லை.

இரண்டாவதைப் பிடித்தேன். அதுவும் நேராக வெட்டியிருந்தது.

 "அக்கா, முனையை வெட்டினீங்களா?"

மடங்கின முனை கழிவு, அதைக் கத்தரித்துவிட்டுத்தான் கோனை அனுப்ப வேண்டும்; மில்லில் பதினோரு வருடம் அப்படித்தான் என்றார் அக்கா.  ஒவ்வொரு நாளும் இதைச் செய்திருக்கிறார். நான் ஒருநாள்கூடப் பார்க்கவில்லை. என் பட்டியலில் முனையைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

கீழே வாய்க்காலிலிருந்து மாராத்தாள் கேட்டார்: "ஏனுங் அம்மணி, நிக்கோணுமா, ஏறிக்கோணுமா?"

நில்லுங்கள் என்றேன்.

கஸ்தூரி அக்கா என் பக்கத்தில் மண்டியிட்டார். "கையை எடுங்க அம்மணி. நான் பாக்கறேன்."

ஒரு துளையிலிருந்து என் கை வெளியே வர, அவர் கை உள்ளே போனது. பிறகு அடுத்தது. உள்ளே வெளிச்சம் போய்விடக் கூடாது என்று செல்வராஜ் அண்ணன் தன் சட்டையைக் கழற்றிப் பையின்மேல் போட்டார். யாரும் அவரிடம் அதைச் சொல்லவில்லை.

அக்கா கண்ணை மூடிக்கொண்டார். அவர் முனையைத் தேடவில்லை. முழங்கை அசைவதைப் பார்த்தே தெரிந்தது: சுருளின் பக்கவாட்டை உள்ளங்கையால் தடவுகிறார், கட்டைவிரலால் அழுத்துகிறார். ஒன்று. அப்புறம் மற்றது. மறுபடி முதலாவது.

"இது கல்லாட்டம் இருக்குதுங்க," என்றார். "பக்கம் வழுவழுன்னு. இது கம்பெனி மிசினுல சுத்தினது. அது இளகிக் கெடக்குது, ஒரு சுத்து ஏறி ஒரு சுத்து எறங்கி. அது நம்ம கேமராவுல சுத்தினது."

"நிச்சயமா அக்கா?"

"இளகின கோனையும் இறுகின கோனையும் தடவிப் பாத்துத்தானுங்க எனக்குச் சம்பளமே."

செல்வராஜ் அண்ணன் என்னைப் பார்த்தார். சொல்ல வேண்டியதை அவர் ஏற்கெனவே சொல்லிவிட்டார். அக்காவும் என்னைப் பார்த்தார். முடிவு செய்ய வேண்டியது நான்.

அப்போதுதான் நாய் எழுந்தது. காதை மேற்கே திருப்பி ஒரு கணம் நின்றது. பிறகு அவசரமில்லாமல் சரிவில் ஏறி வெளியே போனது.

"இறுகினதை ஏத்துங்க," என்றேன்.

சருகுச் சத்தம்

தண்ணீர் தண்ணீர்ச் சத்தத்தோடு வரவில்லை. சருகுச் சத்தத்தோடு வந்தது. பல மாதத்து வேப்பிலை, தென்னம்பாளை, பீடிக் கட்டு, ஒற்றைச் செருப்பு எல்லாவற்றையும் தள்ளிக்கொண்டு, காப்பி நிற நுரையோடு, ஒரு ஆள் நடக்கும் வேகத்தில் வந்தது.

அக்கா கேமராவின் மூடியைச் சாத்தி 'ஆச்சுங்க' என்று சொன்னபோது அந்த நுனி மாராத்தாளின் பாதத்தைத் தொட்டுக் கடந்துவிட்டிருந்தது. நான் விசையை அழுத்தியபோது தண்ணீர் கணுக்காலில் இருந்தது.

அவருக்கு நான் எதுவும் சொல்லித் தரவில்லை. குனிந்து தண்ணீரைத் தொடுவார் என்று எதிர்பார்த்தேன். தொடவில்லை. தலையைத் திருப்பித் தண்ணீர் வந்த திசையைப் பார்த்தார். மேற்கே, கரையோடு போகும் வழியை. தண்ணீர் கெண்டைக்காலுக்கு ஏறும்வரை பார்த்துக்கொண்டே நின்றார். சுப்பண்ணன்தான் பயந்துபோய்க் கை கொடுத்து மேலே ஏற்றினார்.

அந்தப் படத்தைப் பார்த்த சிலர், தண்ணீர் வந்து சேர்வதைக் காட்டாமல் கணுக்காலில் தொடங்கியது துணிச்சலான உத்தி என்று எழுதினார்கள். நான் மறுக்கவில்லை. இன்று இங்கே மறுத்துவிடுகிறேன்.

வேனில் திரும்பினோம். பல்லடம் தாண்டியதும் கஸ்தூரி அக்கா கேட்டார், தப்பாக இருந்தால் என்ன செய்வீர்கள் என்று. மாராத்தாள் வீட்டுக்குப் போய்ச் சொல்ல வேண்டும் என்றேன். நானும் வாரேன் என்றார். அவ்வளவுதான்.

லேபின் சின்னத் தியேட்டர்

பதினைந்து நாளுக்கு மேல் ஆயிற்று. ரயிலில் டப்பாக்களை மடியில் வைத்துக்கொண்டு சென்னைக்குப் போனேன். லேபில் கழுவி, பிரதி எடுத்து, சின்னத் தியேட்டரில் போட்டார்கள். பத்து நாற்காலி. பழைய ரெக்ஸின் வாடை. நான் மட்டும்.

முதலில் தண்ணீர் டப்பா. திரை வெளுத்தது. கண்ணிமைக்காமல் பார்த்தேன். தண்ணீருக்குள்ளிருந்து ஒரு கண், ஒரு மூக்குத்தி, பேசும் உதடு, ஏதாவது மேலே எழும்பும் என்று காத்திருந்தேன். சிமெண்டுக் கரை. கணுக்கால். நுரை. திரும்பும் தலை. கடைசி அடிவரை தண்ணீர் தண்ணீராகவே ஓடியது.

அடுத்ததில் மாராத்தாள். வெளிச்சம் குறைவுதான். முகம் முழுதாக இருந்தது.

வெளியே வந்து எஸ்.டி.டி. பூத்தில் நின்றேன். பெரியநாயக்கன்பாளையத்தில் அக்கா வீட்டுக்கு எதிரே இருந்த மளிகைக் கடையின் எண்ணுக்குப் போட்டேன். கடைக்காரர் தெருவைத் தாண்டிப் போய்க் கூப்பிட்டு, அவர் ஓடி வந்து ரிசீவரை எடுக்கும்வரை கட்டண மீட்டரில் சிவப்பு எண்கள் ஓடிக்கொண்டிருந்தன.

"அம்மணி?"

"பாத்துட்டேன் அக்கா. தண்ணிக்குள்ள மாராத்தா முகம் இல்ல."

 கடையில் யாரோ பருப்பு விலை கேட்டார்கள்.

"இல்லைன்னு சொல்லாதீங்க அம்மணி," என்றார் கஸ்தூரி அக்கா. "தண்ணி தனியா இருக்குது, அந்தம்மா தனியா இருக்குதுன்னு சொல்லுங்க."

அப்படியே சொன்னேன்.